பையநாட்டில் ஒரு காதுகுத்து

எனக்கு இருபத்திரண்டு வயதில் வைத்த அழைப்புக்கு ஐம்பத்தேழு வயதில் கிளம்பினேன். தாமதமாகிவிட்டது என்று நினைக்காதீர்கள். அக்கா சொன்ன கெடு தப்பாமல், சரியான வாரத்தில்தான் போய் இறங்கினேன்.

அக்கா இருப்பது பையநாட்டில். வருசநாட்டு மலைகளுக்கு அந்தப் பக்கம். அங்கே ஒரு வாரம் கழிவதற்குள் நம் பக்கம் ஒரு வருடம் ஓடிவிடும். ஏன், எப்படி, இருக்கிற ஒரே சூரியன் இரண்டு ஊருக்கு இரண்டு கணக்கு வைத்துக்கொண்டு எப்படிச் சமாளிக்கிறது என்றெல்லாம் என்னைக் கேட்கக் கூடாது. நான் உத்தமபாளையத்தில் பம்ப்செட் மோட்டாருக்குக் காயில் கட்டுகிறவன். படித்தவர்கள் யாராவது கிடைத்தால் கேட்டுக்கொள்ளுங்கள். அவர்களுக்கும் தெரியாது, ஆனால் நன்றாகப் பேசுவார்கள்.

போடி மலைக்கு அந்தாண்டை வெரசல் என்று ஓர் ஊர் இருக்கிறது. அது நேர்மாறு. பரீட்சைக்குப் படிக்காத பிள்ளைகளை அங்கே கொண்டுபோய் விடுவார்கள். திங்கட்கிழமை போன பையன் வெள்ளிக்கிழமை மீசையோடு வருவான். பாடம் ஏறியிருக்கிறதா என்பது வேறு விஷயம். பையநாட்டுக்கு அந்த மாதிரிக் கூட்டம் கிடையாது. உத்தமபாளையம் கோர்ட்டில் பாகப்பிரிவினைக் கேஸ் நடத்துகிறவர்கள்தான் போவார்கள். அங்கே போய் இரண்டு வேளை சாப்பிட்டு, ஒரு தூக்கம் போட்டு எழுந்து வந்தால் அடுத்த வாய்தா வந்திருக்கும்.

அக்கா கேஸுக்காகப் போகவில்லை. மச்சானுக்குச் சொந்த ஊர் அது. தேனியில் வேலையில் இருந்தார். தலைப்பிரசவத்துக்கு அக்கா எங்கள் வீட்டுக்கு வந்து, பெண் குழந்தை பிறந்து, மூன்றாம் மாதம் நடக்கும்போது அவருடைய அப்பா படுக்கையில் விழுந்துவிட்டார். ஒரே மகன். போயே ஆகவேண்டும். குழந்தையை எல்லைக் கோடு வரைக்கும் நான்தான் தூக்கிக்கொண்டு போனேன். கோட்டைத் தாண்டுவதற்கு முன் அக்கா சொன்னாள்: "பதினோராம் மாசம் பிள்ளைக்குக் காது குத்தணும்டா. மடி குடுக்க நீ வரணும். சாக்குச் சொல்லிராத."

எங்கள் பக்கம் முதல் மொட்டையும் காதுகுத்தும் தாய்மாமன் மடியில்தான். அவன் இல்லையென்றால் குழந்தை காது மூளியாகவே நிற்கும். அக்காவுக்கு உடன்பிறந்தவன் நான் ஒருவன்தான். இன்னும் எட்டு மாதம்தானே என்பதுபோல அவள் சர்வசாதாரணமாகச் சொல்லிவிட்டுப் போனாள். வீட்டுக்கு வந்து கணக்குப் போட்டுப் பார்த்தேன். முப்பத்தைந்து வருடம். அன்றிலிருந்து எனக்கு வந்த ஒவ்வொரு காய்ச்சலுக்கும் பயந்தேன், ஐயா. சாவுக்காக இல்லை. மடி இல்லாமல் போய்விடுமே என்றுதான்.

ஆக, நாள் நெருங்கியது. என் நெஞ்சுக்குள் அடைப்புக்குக் கம்பிச்சுருள் வைத்த டாக்டர், மலையேற வேண்டாம் என்றார். "நான் ஏறலைங்க, பஸ்ஸுதான் ஏறுது" என்றேன். அவர் சிரிக்கவில்லை. நாலு நாள் தங்கினால் இங்கே அரை வருடத்துக்கு மேல் போய்விடும் என்று செல்வியிடம் சொன்னேன். செல்வி என் மனைவி. "போயிட்டு வாங்க. கடைய மகன் பாத்துக்கிருவான். ஆறு மாசம் நானும் நிம்மதியா இருப்பேன்ல?" என்றாள். சொல்லிவிட்டு முந்தானையால் மூக்கைத் துடைத்தாள்.

சீர் எடுக்க காஜாவின் ஜவுளிக்கடைக்குப் போனேன். காஜாவும் நானும் அரைக்கால் சட்டைக் காலத்திலிருந்து மாப்ள, மாப்ள என்று கூப்பிட்டுக்கொள்கிறவர்கள். குழந்தைக்குப் பட்டுப்பாவாடை எடுத்துப் போட்டான். அடுத்து ஒரு பட்டுச்சேலை வேண்டும் என்றேன்.

"கைப்பிள்ளைக்குப் பட்டுச்சேலையா?"

"பெரியமனுசியானா தாய்மாமன் சீர் செய்ய வேணாமா?"

"அதுக்கு இன்னும் பன்னெண்டு பதிமூணு வருசம் கெடக்கே மாப்ள." சொன்ன பிறகுதான் அவனுக்கு உறைத்தது. அங்கே பன்னிரண்டு என்றால் இங்கே அறுநூறு. கொஞ்ச நேரம் அளவுகோலைத் தட்டிக்கொண்டே இருந்தான். "பட்டு தாங்குமா?" என்று நான் கேட்டேன். "அங்கன பன்னெண்டு வருசந்தான? பீரோவுல வேப்பிலை போட்டு வைக்கச் சொல்லு. தாங்கும்" என்றான். அவள் கல்யாணத்துக்கு ஒரு பட்டு, வளைகாப்புக்கு வளையல் வைத்துக் கொடுக்க ஒரு சேலை எல்லாம் எடுத்துவைத்தான். ஒரு பெண்பிள்ளைக்குத் தாய்மாமன் ஆயுசு முழுக்கச் செய்ய வேண்டியதை ஒரே மூட்டையாகக் கட்டினோம்.

கடைசியாக, "நூல்சேலை ஒண்ணு" என்றேன்.

"யாருக்கு?"

ஒரு பெண் கண்ணை மூடினால் அவளுக்குப் போர்த்துகிற கடைசிச் சேலை பிறந்த வீட்டிலிருந்து வரவேண்டும். கோடி என்போம். அண்ணனோ தம்பியோ கொண்டுவந்து போர்த்தாமல் தூக்க மாட்டார்கள். காஜாவுக்கு அது தெரியும். அக்காவையும் தெரியும். குரலைத் தாழ்த்திக்கொண்டு, "அக்காவுக்கு என்ன கலர் பிடிக்கும்?" என்று கேட்டான். கத்திரிப்பூ நிறம் என்றேன். எடுத்து, தானே மடித்து, வேறு பக்கம் பார்த்துக்கொண்டு கொடுத்தான்.

வீட்டில் செல்வி ஒவ்வொரு துணியின் ஓரத்திலும் மஞ்சள் தடவினாள். வீரபாண்டிக் கோயிலிலிருந்து வாங்கிவந்த மஞ்சள். கத்திரிப்பூ சேலை வந்ததும் கை நின்றது. கோடிக்கு மஞ்சள் தடவுவதில்லை. அதைத் தனியாக ஒரு பேப்பரில் சுற்றி அடியில் வைத்தாள். "இத அக்கா கண்ணுல காட்டிராதீக. மச்சான்கிட்டத் தனியாக் குடுங்க" என்று மட்டும் சொன்னாள்.

பயண விவரமெல்லாம் விடுங்கள். எல்லையில் நடந்ததிலிருந்து சொல்கிறேன்.

எல்லை என்றால் கம்பிவேலி எல்லாம் இல்லை. தரையில் ஒரு சுண்ணாம்புக் கோடு. இந்தப் பக்கம் ஒரு டீக்கடை. கோட்டுக்கு அந்தப் பக்கம் மலைவளைவில் காலையில் ஒரு பஸ் தெரிந்தது. அது இறங்கி வந்து நின்றபோது பொழுது சாய்ந்துவிட்டது. பழுதெல்லாம் இல்லை, அந்த ஊர் வேகத்தில் வந்திருக்கிறது. ஜன்னலோரம் ஒருவர் கொட்டாவிக்கு வாயைத் திறந்தார். நான் டீ சொல்லி, ஆற்றிக் குடித்து, கிளாசை வைத்த பிறகுதான் மூடினார். பக்கத்தில் குமுளியிலிருந்து வந்த ஒரு மலையாளத்து அம்மாள் மகனைப் பார்க்கச் பலாக்காய் வறுவல் டின்னோடு உட்கார்ந்திருந்தாள். அந்தக் கொட்டாவிக்காரரைக் காட்டித் தன் பாஷையில் கணவரிடம் சொன்னாள்: "நம்ம மகனைப் பள்ளிக்கூடத்துக்கு எழுப்பும்போதும் இப்படித்தான். அவன் இந்த ஊருக்கென்றே பிறந்தவன்."

பஸ்ஸோடு யாரும் கோட்டைத் தாண்ட முடியாது. மூக்கு அந்த நேரத்திலும் வால் இந்த நேரத்திலும் இருந்தால் வண்டி அப்பளமாகிவிடும். நடந்துதான் போகவேண்டும். உள்ளே போகும்போது சிக்கல் இல்லை. வெளியே வரும்போது மட்டும் குடும்பத்தோடு கைகோத்துக்கொண்டு வர வேண்டுமாம். ஒரு பெண் முதலில் தாண்டிவிட்டாள், புருசன் உள்ளே நின்று அறுந்த செருப்பை மாட்டிக்கொண்டிருந்தான், அவள் இங்கே ஒரு சாப்பாட்டை முடித்துவிட்டு உட்கார்ந்திருந்தாள் என்று டீக்கடைக்காரர் சொன்னார். "அந்தச் சண்ட இன்னும் முடியலங்கய்யா. அவுக வீட்டுல இப்பவும் நடக்குது" என்றார்.

கோட்டைத் தாண்டினேன். கால் மரத்துப்போனது போல ஒரு நொடி இருந்தது. அவ்வளவுதான். அதுவரை இழுவையாக ஏதோ முனகிக்கொண்டிருந்த கண்டக்டர் சட்டென்று, "ஏறுங்க ஏறுங்க, பின்னாடி எடமிருக்கு" என்று நம் ஆள் மாதிரியே கத்தினார்.

பாதி மலையில் பஸ் நின்றுவிட்டது. ரேடியேட்டர் ஹோஸ் வெடித்து ஆவி. டிரைவர் இறங்கி, பீடி பற்றவைத்து, பாறையில் உட்கார்ந்தார். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. இவர் ஒரு மணி நேரம் பீடி குடித்தால் என் வீட்டில் இரண்டு நாள் போய்விடும். செல்வி இந்நேரம் இரண்டு நாள் சமைத்து, இரண்டு நாள் பாத்திரம் கழுவியிருப்பாள். "அண்ணே, வேலையப் பாருங்கண்ணே" என்று கத்தினேன். சின்னமனூர்ப் பக்கத்து ஆள் ஒருவர், தோட்டத்துக் கேஸுக்காக வந்திருந்தவர், என் கையைப் பிடித்து, "நிதானமாப் பாக்கட்டும் விடுங்க. இன்னைக்கு ராத்திரி இங்கனயே கெடந்தாக்கூட நல்லதுதான். எதிர்க்கட்சி வக்கீலு ரிட்டேர்டு ஆகிருவாரு" என்றார். அவரோடு என்ன பேசுவது? பையில் எப்போதும் சைக்கிள் டியூப் துண்டு வைத்திருப்பேன். நானே குனிந்து ஹோஸைச் சுற்றிக் கட்டினேன். வண்டி கிளம்பியது.

ஊர் நிறுத்தத்தில் அக்கா நின்றுகொண்டிருந்தாள்.

எனக்குத் தெரியும் அவள் அப்படியேதான் இருப்பாள் என்று. இருபத்தைந்து வயதில் பார்த்தேன், இன்னும் இருபத்தாறு ஆகவில்லை. என் மகனைவிடச் சின்னவள். ஆனாலும் அவளைப் பார்த்ததும் இறங்க மறந்து படியிலேயே நின்றுவிட்டேன். அவள் கண் என்னைத் தாண்டி, எனக்குப் பின்னால் இறங்குகிறவர்களைத் தேடியது. வழியை மறித்து நிற்கிறோமோ என்று ஒதுங்கி, என் முழங்கையைத் தாங்கிப் பிடித்து, "பாத்து எறங்குங்கய்யா" என்றாள்.

"அக்கா" என்றேன்.

கையை எடுத்துவிட்டாள். என் முகத்தில் எதையோ தேடினாள். பிறகு என் இடது புருவத்தைத் தொட்டாள். சின்ன வயதில் கிணற்றுப் படியில் விழுந்த தழும்பு அங்கே இருக்கிறது.

"ஏலே ராசு..." என்றாள். அவ்வளவுதான், நடுத்தெருவில் என் தோளில் ஓங்கி ஓர் அடி வைத்தாள். "ஏன்டா இப்படி ஆயிட்ட? எட்டு மாசந்தானடா ஆச்சு! எட்டு மாசத்துல எங்கடா போச்சு உன் முடியெல்லாம்?" அடித்துக்கொண்டே அழுதாள். கணக்கு அவளுக்கும் தெரியும். தெரிந்திருப்பது வேறு, கண்ணால் பார்ப்பது வேறு.

மச்சானுக்குத்தான் பெரிய திண்டாட்டம். அந்தக் காலத்தில் என்னைப் பார்த்தால் "வாடா மாப்ள" என்று முதுகில் தட்டுவார். இப்போது வாசலில் நின்று, "வாடா மா..." என்று ஆரம்பித்து, என் நரையைப் பார்த்துவிட்டு, "வாங்க மாப்ள" என்று முடித்தார். முதுகில் தட்டப்போன கையை எங்கே வைப்பது என்று தெரியாமல் தன் தலையைச் சொறிந்துகொண்டார். "பழையபடியே கூப்பிடுங்க மச்சான், நல்லாயிருக்கும்" என்றேன். அவருக்கு வரவில்லை.

குழந்தைக்கு எங்கள் அம்மாவின் பெயர். பேச்சி. என்னைப் பார்த்ததும் வீல் என்று கத்தினாள். அவளை நான் தூக்கிக்கொண்டு எல்லை வரைக்கும் நடந்தது எனக்கு நேற்று மாதிரி இருக்கிறது. அவளுக்கென்ன தெரியும்?

அன்று சாப்பாடு சுடுசோறு, மொச்சைக்கொட்டை போட்ட கருவாட்டுக் குழம்பு. முதல் வாயில் கை நின்றுவிட்டது. அம்மா வைக்கிற குழம்பு. அக்கா நன்றாகச் சமைப்பாள், ஆனால் இது அவள் கைப்பக்குவம் இல்லை.

"அம்மா திரிச்சுக் குடுத்த பொடிடா. ஊறுகாயும் இருக்கு" என்று ஜாடியைக் கொண்டுவந்து வைத்தாள். அவர்கள் கிளம்பிய அன்று அம்மா டின்னில் அடைத்துக் கொடுத்தது. அங்கே அது எட்டு மாதப் பொடி, வாசம்கூடப் போகவில்லை. அம்மா போய்ப் பன்னிரண்டு வருடமாகிறது. அவள் கைப்பக்குவத்தை நான் மறந்தே போயிருந்தேன். எலுமிச்சங்காயை எடுத்துச் சோற்றில் வைத்துக்கொண்டு சின்னப் பிள்ளைபோல அழுதேன். அக்காவும் அழுதாள். எனக்கு அது பன்னிரண்டு வருடப் பழைய துக்கம். அவளுக்கு மூன்று மாதத் துக்கம், இன்னும் ஆறவில்லை. சேதி கிடைத்து அவள் எல்லைக்கு வந்து சேர்வதற்குள் இங்கே எல்லாம் முடிந்து, புதைத்த இடத்தில் செடிகூட முளைத்திருக்கும் என்று வராமல் இருந்துவிட்டாள். அன்றைக்கு இரண்டு பேரும் சேர்ந்து உட்கார்ந்து அழுததுதான் எங்கள் வீட்டு முறைப்படியான அழுகை.

"இன்னும் கொஞ்சம் போட்டுக்க. ஆனா ஜாடியக் காலி பண்ணிராத. பேச்சி காரம் திங்க ஆரம்பிச்சதும் குடுக்கணும்" என்றாள்.

மறுநாள் காலை என்னை மணையில் உட்காரவைத்துத் தலைக்கு எண்ணெய் வைத்தாள். வழுக்கையில் எண்ணெய் வைக்க என்ன இருக்கிறது? அவள் கேட்கவில்லை. இருக்கிற நாலு முடியையும் வகிடெடுத்துப் பார்த்து, "சோப்பப் போட்டுப் போட்டுக் கெடுத்துவச்சிருக்க" என்று திட்டினாள். மூன்று வயது மூத்தவள், முப்பது வயது இளையவள். மச்சான் திண்டாட்டம் தீராமல் எதிரே உட்கார்ந்து ஊர்க்கதை கேட்டார். "போடி ரயில் ஓடுதா?" என்றார். நடுவில் நின்று, தண்டவாளத்தையே பெயர்த்து, அகலப்படுத்தி, இப்போது மறுபடி ஓடுகிறது என்றேன். "நின்னுச்சா? எப்ப?" என்று ஆச்சரியப்பட்டார். "உங்க கணக்குக்கு ஒரு மூணு மாசம் நின்னுருக்கும்." "அடடா, நான் கவனிக்கலையே" என்றார்.

அக்கா தலையைத் தேய்த்துக்கொண்டே சாதாரணமாகச் சொன்னாள்: "அன்னைக்குக் கோட்டத் தாண்டினதும் பிள்ளைக்குப் போர்வைய இழுத்துவிட்டேன்டா. நிமிந்து திரும்பிப் பாக்குறேன், நீ நின்ன எடத்துல ஆளக் காணோம். கண்ணச் சிமிட்டுறதுக்குள்ள போயிட்ட. ஒரு டாட்டா காட்டலாம்னு இருந்தேன்."

எனக்கு எண்ணெய் கண்ணில் இறங்கியது. அன்றைக்கு நான் பத்து நிமிடம் நின்றேன். அவள் முதுகைப் பார்த்துக்கொண்டே நின்றேன். அசையவே மாட்டேன் என்கிறாளே, சொல்லிக்கொண்டு போவதற்குக்கூடத் திரும்ப மாட்டேன் என்கிறாளே என்று மனசு வெறுத்துப்போய் பஸ் ஏறினேன். அவளுக்கு அது போர்வையை இழுத்துவிடுகிற நேரம். நான் அதைச் சொல்லவில்லை. "பஸ் கெளம்பிருச்சுக்கா" என்றேன்.

காதுகுத்து அன்று காலையில் தப்பு நடந்துவிட்டது. நான் குளித்துவிட்டு வருவதற்குள் மச்சான் ஆர்வத்தில் என் மூட்டையைப் பிரித்து, எல்லாவற்றையும் தாம்பாளங்களில் அடுக்கி முற்றத்தில் வைத்துவிட்டார். சீர் என்றால் நாலு பேர் பார்க்கப் பரப்பிவைக்க வேண்டும், அவரைக் குறை சொல்ல முடியாது. பேப்பரில் சுற்றிய கத்திரிப்பூ சேலையும் கடைசித் தாம்பாளத்தில் உட்கார்ந்திருந்தது. சொந்தக்காரப் பெண்கள் சுற்றி நின்றார்கள்.

அக்கா ஒவ்வொன்றாகத் தொட்டுப் பார்த்தாள். "பாவாட நல்லாருக்கு. இது என்னடா இம்புட்டுப் பெரிய பட்டு?"

"பேச்சி பெரியமனுசியானா."

"இது?"

"கல்யாணத்துக்கு. அந்தச் சேலையும் வளையலும் வளைகாப்புக்கு."

அவள் முகம் மாறியது. "எல்லாத்தையும் இன்னைக்கே எறக்கி வச்சுட்டு நீ எங்கிட்டுடா போகப்போற?" என்று குரலை உயர்த்தினாள். நான் தரையைப் பார்த்தேன். "நீயே கணக்குப் போட்டுப் பாருக்கா" என்றேன். அவள் போட்டுப் பார்த்திருக்க வேண்டும். அப்புறம் அதைப் பற்றிக் கேட்கவில்லை.

கடைசித் தாம்பாளத்துக்கு வந்தாள். சேலையை எடுத்து ஓரத்தைப் புரட்டினாள். "இதுக்கு மட்டும் மஞ்சத் தடவாம விட்டுட்டாளே உன் பொண்டாட்டி" என்றாள்.

பெண்களுக்குப் புரிந்துவிட்டது. ஒருத்தி வாயைப் பொத்திக்கொண்டாள். நல்ல காரியத்தன்று, நடுவீட்டில், உயிரோடிருக்கிற மகராசிக்குக் கோடி! மச்சான் முகம் வெளுத்துவிட்டது. எனக்குக் காலடியில் பூமி பிளந்தால் தேவலை என்றிருந்தது.

அக்கா என்னையே பார்த்தாள். பிறகு மஞ்சள் கிண்ணத்தில் விரலைத் தோய்த்து, சேலையின் நாலு ஓரத்திலும் அழுத்தித் தடவினாள்.

"எனக்குப் போத்துறதுக்கு உன் பேரனுக்குப் பேரன் எவனாச்சும் வருவான்டா. என் பொறந்த வீடு உன்னோட முடிஞ்சுபோறதில்ல" என்றாள். கூட்டத்தைப் பார்த்துத் திரும்பினாள். "இது எந்தம்பி எனக்குப் பிடிச்ச கலராப் பாத்து எடுத்தாந்தது. இத்தனை வருசத்துல மறக்கல பாருங்க. இதக் கட்டிக்கிட்டுத்தான் இன்னைக்குக் கோயிலுக்கு வரப்போறேன்."

உள்ளே போய்க் கட்டிக்கொண்டு வந்தாள். நூல்சேலைதான். மொடமொடவென்று நின்றது. அவளுக்கு அப்படிப் பொருந்தியிருந்தது.

கோயிலில் பேச்சியை என் மடியில் வைத்தார்கள். முட்டி நோகத்தான் செய்தது, காட்டிக்கொள்ளவில்லை. மொட்டை போடும்போது கத்தினாள். ஆசாரி வலது காதில் கம்பியை ஏற்றியபோது ஊரே கேட்கக் கத்தினாள். இடது காது குத்துவதற்குள் என் புது வேட்டியை நனைத்துவிட்டாள். சூடு வயிற்றுவரை ஏறியது. முப்பத்தைந்து வருடம் இதற்காகத்தான் காய்ச்சலுக்குப் பயந்தேன். அழுது ஓய்ந்து, என் சட்டைப் பொத்தானை வாயில் வைத்துக்கொண்டு மடியிலேயே தூங்கிப்போனாள். தூக்கவந்த மச்சானை நான் விடவில்லை. "இருக்கட்டும்டா, மாப்ள" என்று அவரே அசந்துபோய்ப் பழையபடி சொல்லிவிட்டு நாக்கைக் கடித்தார்.

நான்காம் நாள் அக்காவும் பேச்சியும் எல்லை வரை வந்தார்கள். அக்கா அந்தச் சேலையைத் துவைத்து, காயவைத்து, மறுபடி கட்டியிருந்தாள். மறுபடி எப்போது வருவாய் என்று கேட்கவில்லை. "மாத்திரையெல்லாம் நேரத்துக்குப் போடு" என்றாள். பேச்சியின் மொட்டைத் தலையில் முத்தம் கொடுத்தேன். சந்தனம் என் மீசையில் ஒட்டியது. கோட்டைத் தாண்டினேன்.

இந்தப் பக்கம் மழை பெய்து ஓய்ந்த ஒரு மதியம். திரும்பிப் பார்த்தேன். அக்கா இடுப்பில் குழந்தையோடு, கையை உயர்த்தப் போகிறவளாக நின்றாள். கை பாதி வழியில் இருந்தது.

டீக்கடை பெஞ்சை இழுத்துக் கோட்டுக்கு நேர் எதிரே போட்டேன். வலது கையை உயர்த்திக்கொண்டு, போட்டோவுக்கு உட்கார்ந்தவன் மாதிரி, அசையாமல் உட்கார்ந்தேன். அசைந்தால் அவள் கண்ணுக்கு நான் கலங்கித் தெரிவேன். எழுந்து போனால் இல்லாமல் போய்விடுவேன். அவள் கை மெல்ல மெல்ல மேலே வந்தது. அவள் முகம் என்னைக் கண்டுகொண்டது. சிரிப்பு உதட்டோரத்தில் தொடங்குவதை உட்கார்ந்து பார்த்தேன். ஐயா, ஒரு சிரிப்பு தொடங்கி முடிவதை யாராவது அவ்வளவு நேரம் பார்த்திருக்கிறீர்களா? என் கை கடுத்தது. இன்னொரு கையால் முட்டுக் கொடுத்துக்கொண்டேன். டீ ஆறி ஆடை கட்டியது. வெயில் பெஞ்சின் அந்த முனைக்குப் போய்விட்டது.

டீக்கடைக்காரர் வந்து தோளைத் தொட்டார். "ஐயா, எல்லாரும் சித்த நேரம் பாப்பாக, போயிருவாக. நீங்க என்னமோ மத்தியானத்துலருந்து உக்காந்திருக்கீக. தேனி பஸ் கெளம்பப்போகுது."

"போகட்டும்ப்பா" என்றேன், வாயை அதிகம் அசைக்காமல். "எங்கக்கா இன்னும் என்னையப் பாத்துக்கிட்டு நிக்கிறா."